வீங்கிய இந்தியா, சுருங்கிய ரஷ்யா: கார்ட்டோகிராம் பற்றி அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

கார்ட்டோகிராம் என்றால் என்ன?

ஒரு நாட்டை அதன் நிலப்பரப்புக்கு ஏற்ப வரையாமல், வேறொரு எண்ணுக்கு ஏற்ப வரைந்தால் கிடைப்பதுதான் கார்ட்டோகிராம். அந்த எண் மக்கள்தொகையாக இருக்கலாம். ஓராண்டில் பிறந்த குழந்தைகள், மலேரியா நோயாளிகள், மருத்துவர்கள், பொம்மை ஏற்றுமதி என்று எதுவாகவும் இருக்கலாம். எண் பெரிதாக இருக்கும் நாடு வீங்கும், சிறிதாக இருக்கும் நாடு மெலியும். எல்லைக்கோடுகள் வளைந்து நெளிந்தாலும் இந்தியாவுக்குப் பக்கத்தில் பாகிஸ்தானும் வங்கதேசமும் அப்படியே இருக்கும். அதனால்தான் படம் விகாரமாக இருந்தாலும் எது எந்த நாடு என்று ஓரளவு கண்டுபிடித்துவிட முடிகிறது.

நல்ல வரைபடம் இருக்கும்போது அதை ஏன் கெடுக்க வேண்டும்?

பள்ளிச் சுவரில் தொங்கும் படமும் ஒரு வகையில் கெட்டுப்போன படம்தான். உருண்டையான பூமியைத் தட்டையான தாளில் விரித்தால் பரப்பு, வடிவம், திசை, தூரம் ஆகியவற்றில் ஏதாவது ஒன்று கெட்டே தீரும். 1569இல் மெர்க்கேட்டர் வரைந்த படம் கப்பலோட்டிகளுக்குத் திசையைச் சரியாகக் காட்டியது. அதற்கு விலையாகத் துருவப் பக்கத்து நாடுகளை ஊதிக் காட்டியது. அதில் கிரீன்லாந்தும் ஆப்பிரிக்காவும் ஏறக்குறைய ஒரே அளவாகத் தெரியும். உண்மையில் கிரீன்லாந்து சுமார் 22 லட்சம் சதுர கிலோமீட்டர், ஆப்பிரிக்கா சுமார் 3 கோடி. பதினான்கு மடங்கு வித்தியாசம்.

சரி, பரப்பைத் துல்லியமாகக் காட்டும் படத்தையே எடுத்துக்கொள்வோம். அதிலும் ரஷ்யாதான் கண்ணை நிறைக்கும். வங்கதேசத்தைத் தேடித்தான் பிடிக்க வேண்டும். ஆனால் ரஷ்யாவில் இருப்பவர்கள் சுமார் 14.4 கோடிப் பேர், வங்கதேசத்தில் 17 கோடிக்கு மேல். கோதுமை விளைச்சலையோ காட்டின் பரப்பையோ பேசும்போது ரஷ்யா பெரிதாகத் தெரிவது நியாயம். பிரசவத்தில் இறக்கும் தாய்மார்களைப் பற்றியோ பள்ளிக்குப் போகாத பிள்ளைகளைப் பற்றியோ பேசும்போது சைபீரியாவின் பனிக்காட்டுக்கு எதற்கு அவ்வளவு இடம்?

அப்படியானால் பீட்டர்ஸ் படமும் இதுவும் ஒன்றா?

இல்லை. இரண்டையும் பலர் குழப்பிக்கொள்கிறார்கள். ஆர்னோ பீட்டர்ஸ் 1973இல் பரப்பிய படமும் (ஜேம்ஸ் கால் 1855இலேயே இதே முறையை முன்வைத்திருந்தார்), 2018இல் வந்த ஈக்குவல் எர்த் படமும் நிலப்பரப்பை நேர்மையாகக் காட்டுபவை. கார்ட்டோகிராமுக்கு நிலப்பரப்பே பொருட்டில்லை. பீட்டர்ஸ் படத்தில் ஆஸ்திரேலியா தன் உண்மையான அளவில் இருக்கும். மக்கள்தொகைக் கார்ட்டோகிராமில் ஒரு மெல்லிய கீற்றாகிவிடும்.

மக்கள்தொகைக் கார்ட்டோகிராமில் ஒரு நாடு எவ்வளவு வீங்கும் என்பதை நாமே கணக்கிட முடியுமா?

முடியும், சின்ன வகுத்தல் கணக்குதான். 2022 நவம்பர் 15 அன்று உலக மக்கள்தொகை 800 கோடியைத் தொட்டதாக ஐ.நா. அறிவித்தது. அண்டார்டிகாவை விட்டுவிட்டால் உலகின் நிலம் சுமார் 13.5 கோடி சதுர கிலோமீட்டர். ஆக, சராசரியாக ஒரு சதுர கிலோமீட்டருக்கு ஏறத்தாழ 59 பேர். ஒரு நாட்டின் மக்கள் அடர்த்தியை இந்த 59ஆல் வகுத்தால் எத்தனை மடங்கு பெரிதாகும், சிறிதாகும் என்பது கிடைத்துவிடும்.

இந்தியாவில் சதுர கிலோமீட்டருக்குச் சுமார் 434 பேர், அதாவது ஏழு மடங்குக்குச் சற்று மேல் வீங்கும். வங்கதேசம் ஏறக்குறைய பத்தொன்பது மடங்கு. சீனா எல்லோரும் நினைக்கும் அளவுக்கு வீங்காது, இரண்டரை மடங்குதான். அதன் மேற்குப் பகுதி முழுக்கப் பாலைவனமும் மலையும். இலங்கையும் ஜப்பானும் ஏறத்தாழ ஒரே அடர்த்தி என்பதால் இரண்டும் ஐந்தரை மடங்கு போல வளரும். இந்த ஒற்றுமையைச் சாதாரணப் படத்தில் யாரும் கவனித்திருக்க மாட்டார்கள். எதிர்ப்பக்கத்தில் ரஷ்யா ஏழில் ஒன்றாகவும், கனடா பதினைந்தில் ஒன்றாகவும், ஆஸ்திரேலியா பதினேழில் ஒன்றாகவும் சுருங்கும். மங்கோலியா இருபத்தேழில் ஒன்று. சுமார் 56,000 பேர் வாழும் கிரீன்லாந்து காணாமலே போகும்.

நிலப்படத்தில் ரஷ்யா இந்தியாவைப் போல ஐந்து மடங்கு. மக்கள் படத்தில் இந்தியா ரஷ்யாவைப் போல பத்து மடங்கு.

ஒன்றை நினைவில் வைக்க வேண்டும். ஏழு மடங்கு என்பது பரப்பில். நீளத்திலும் அகலத்திலும் பார்த்தால் தலா இரண்டேமுக்கால் மடங்குக்குள்தான். கண் பெரும்பாலும் நீளத்தைத்தான் ஒப்பிடும், அதனால் வித்தியாசத்தைக் குறைத்தே மதிப்பிடும்.

இதை யார் தொடங்கினார்கள்?

தனியொருவரைச் சொல்ல முடியாது. 1903 ஜெர்மன் நாடாளுமன்றத் தேர்தலுக்கு ஹெர்மன் ஹாக்கும் ஹூகோ வீஷலும் ஒரு கார்ட்டோகிராம் வெளியிட்டார்கள். நகரத்துத் தொகுதிகளில் இருந்த மக்கள் கூட்டம் சாதாரணப் படத்தில் தெரியவில்லை என்பதுதான் அவர்கள் பிரச்சினை. இன்றைக்கும் அதே பிரச்சினைதான். 1934இல் அமெரிக்காவில் எர்வின் ரைஸ் மாநிலங்களைச் செவ்வகங்களாக்கி வரைந்து, அந்த முறையைப் பற்றிக் கட்டுரையும் எழுதினார். 1960, 70களில் வால்டோ டோப்ளர் கணினியை வைத்து வரையத் தொடங்கினார். ஆனால் பல ஆண்டுகளுக்கு முடிவுகள் கண்ணுக்கு உறுத்தலாகவே வந்தன. கோடுகள் ஒன்றின்மேல் ஒன்று ஏறிக்கொள்ளும், நாடுகள் அடையாளம் தெரியாமல் போகும்.

திருப்பம் 2004இல் வந்தது. மைக்கேல் காஸ்ட்னர், மார்க் நியூமன் என்ற இரண்டு இயற்பியலாளர்கள் மிச்சிகன் பல்கலைக்கழகத்தில் ஒரு புதிய முறையைக் கண்டுபிடித்தார்கள். அதை வைத்து 2006இல் இங்கிலாந்தின் ஷெஃபீல்டு பல்கலைக்கழகத்தில் டேனி டோர்லிங் குழுவினர் நியூமனோடு சேர்ந்து வேர்ல்டுமேப்பர் என்ற திட்டத்தைத் தொடங்கினார்கள். ஒரு படத்துக்கு ஒரு எண் என்று நூற்றுக்கணக்கான உலகப் படங்கள். இணையத்தில் நீங்கள் பார்த்திருக்கும் வீங்கிய உலகப் படம் பெரும்பாலும் அங்கிருந்து வந்ததாகவே இருக்கும்.

அந்த 2004 முறை எப்படி வேலை செய்கிறது? கணக்குத் தெரியாதவருக்குப் புரியுமா?

புரியும். ஒரு வாளித் தண்ணீரில் சொட்டு நீலம் விட்டால் என்ன ஆகிறது? விட்ட இடத்தில் அடர்த்தியாக இருக்கும் நீலம், கொஞ்சம் கொஞ்சமாகப் பரவி, கடைசியில் வாளி முழுக்க ஒரே நிறமாகிவிடுகிறது. மக்கள் அடர்த்தியை அந்த நீலமாக வைத்துக்கொள்ளுங்கள். கங்கைச் சமவெளியில் திட்டாக இருக்கும் நீலம் வெளியே பரவும். சைபீரியாவில் நீலமே இல்லை, அதனால் சுற்றிலும் இருந்து உள்ளே வரும். இப்போது நாட்டு எல்லைகள் தண்ணீரில் மிதக்கும் நூல்கள் என்றால், பரவும் ஓட்டம் அவற்றையும் இழுத்துக்கொண்டு போகும். எல்லா இடத்திலும் அடர்த்தி ஒன்றாகும்போது ஓட்டம் நிற்கும். நூல்கள் போய் நிற்கும் இடம்தான் புதிய எல்லை.

இயற்பியலில் இதற்கு விரவல் என்று பெயர். வெப்பம் பரவுவதற்கும் இதே சமன்பாடுதான். நூல்கள் ஒன்றையொன்று வெட்டுவதில்லை என்பதுதான் இம்முறையின் பெரிய நன்மை. 2018இல் காஸ்ட்னர் சிங்கப்பூரில் தன் குழுவோடு இதைவிடப் பல மடங்கு வேகமான முறையை வெளியிட்டார்.

கடலில் யாரும் வாழவில்லையே, அது சுருங்கிவிடாதா?

கணக்கை அப்படியே விட்டால் சுருங்கத்தான் செய்யும். கண்டங்கள் எல்லாம் ஒரே கட்டியாக ஒட்டிக்கொள்ளும். அதைத் தவிர்க்கக் கடலுக்கு நிலத்தின் சராசரி அடர்த்தியைக் கொடுத்துவிடுவார்கள். சராசரிக்கு வீக்கமும் இல்லை, சுருக்கமும் இல்லை. கடற்கரைகள் மட்டும் நகரும். இது ஒரு செட்டப்தான், ஆனால் நல்ல செட்டப்.

எந்தப் புள்ளிவிவரத்தை வேண்டுமானாலும் இப்படி வரையலாமா?

கூடாது. இந்தப் பக்கத்தில் ஒரே ஒரு பதிலைத்தான் படிப்பீர்கள் என்றால் இதைப் படியுங்கள்.

கூட்டினால் அர்த்தம் தரும் எண்களைத்தான் பரப்பாக வரைய முடியும். கேரளத்தில் இத்தனை பேர், தமிழ்நாட்டில் இத்தனை பேர், கூட்டினால் இரண்டிலும் சேர்த்து இத்தனை பேர்: இது சரி. கேரளத்தின் எழுத்தறிவு விகிதத்தையும் தமிழ்நாட்டின் எழுத்தறிவு விகிதத்தையும் கூட்டினால் என்ன வரும்? நூறைத் தாண்டிய ஒரு அபத்தம். பரப்பு என்பது கூடும் தன்மை உடையது. இரண்டு நாடுகளைச் சேர்த்துப் பார்த்தால் பரப்பும் சேரும். எனவே விழுக்காடு, சராசரி, ஆயுட்காலம், தலைக்கு இவ்வளவு வருமானம் போன்றவற்றைப் பரப்பாக வரைவது தவறு. அழகாக இல்லை என்பதல்ல, தப்பு. எழுத்தறிவு விகிதத்தை விட்டுவிட்டு எழுதப் படிக்கத் தெரியாதவர்களின் எண்ணிக்கையை வரையுங்கள். தலா வருமானத்துக்குப் பதில் மொத்த உற்பத்தியை வரையுங்கள்.

விகிதத்தைக் கார்ட்டோகிராமாக்கிய படங்கள் சமூக ஊடகங்களில் நிறையச் சுற்றுகின்றன. அவற்றில் லக்ஸம்பர்க் மாதிரி குட்டி நாடு கண்டம் அளவுக்கு ஊதியிருக்கும். பார்த்தவுடன் தள்ளிவிடலாம்.

விகிதத்தைக் காட்டியே ஆக வேண்டும் என்றால்?

மக்கள்தொகைக் கார்ட்டோகிராமை அடித்தளமாக வைத்து, விகிதத்தை வண்ணமாகத் தீட்டுங்கள். என்னைக் கேட்டால் இந்தத் துறையிலேயே உருப்படியான பயன்பாடு இதுதான். பரப்பு எத்தனை பேர் என்று சொல்லும், வண்ணம் அவர்கள் எப்படி இருக்கிறார்கள் என்று சொல்லும். சாதாரணப் படத்தில் சிவப்புத் தீட்டிய மங்கோலியா கண்ணை இழுக்கும். அங்கே இருப்பது சுமார் 35 லட்சம் பேர். சென்னை மாநகரத்தின் மக்கள்தொகையில் பாதிதான்.

வேர்ல்டுமேப்பரின் பழைய படங்களில் வண்ணத்துக்கு வேறொரு வேலை இருந்தது. உலகத்தைப் பன்னிரண்டு பகுதிகளாகப் பிரித்து, மனித மேம்பாட்டு வரிசைப்படி (ஆயுள், கல்வி, வருமானம் மூன்றையும் சேர்த்துப் பார்க்கும் அளவு) வானவில் நிறம் கொடுத்தார்கள். ஒரு கோடியில் கருஞ்சிவப்பில் மத்திய ஆப்பிரிக்கா, மறு கோடியில் ஊதாவில் ஜப்பான், நடுவே மஞ்சளில் இந்தியா. எந்தப் படத்தைப் பார்த்தாலும் நிறம் மாறாது என்பதால், உருவம் எவ்வளவு சிதைந்தாலும் நாடு பிடிபடும்.

சமூகத் தரவுகளில் நல்ல உதாரணம் ஒன்று சொல்லுங்களேன்.

மலேரியா. நிலப்படத்தில் உலகின் வெப்பப் பகுதி முழுக்க வண்ணம் தீட்டி, இங்கெல்லாம் மலேரியா உண்டு என்று காட்டுவார்கள். பிரேசிலும் இந்தோனேசியாவும் காங்கோவும் ஒன்று போலவே தெரியும். நோயாளிகளின் எண்ணிக்கையை வைத்துக் கார்ட்டோகிராம் வரைந்தால் உலகமே ஆப்பிரிக்காவாகிவிடும். உலக சுகாதார நிறுவனத்தின் கணக்கில் நோயாளிகளில் சுமார் 94 விழுக்காட்டினர் ஆப்பிரிக்கப் பிராந்தியத்தில்தான். நைஜீரியாவில் மட்டுமே கால்வாசிப் பேர். ஐரோப்பாவும் வட அமெரிக்காவும் கோடுகளாக ஓரத்தில் ஒட்டிக்கொண்டிருக்கும். மருந்து ஆராய்ச்சிக்குப் பணம் செலவிடும் நாடுகளை அதற்குப் பக்கத்தில் வரைந்து வைத்தால், தலைகீழான உலகம் கிடைக்கும்.

இந்தப் படத்தில் இலங்கையைத் தேடினால் கிடைக்காது. 2016 செப்டம்பரில் அது மலேரியா இல்லாத நாடு என்று உலக சுகாதார நிறுவனம் சான்றளித்தது. ஆனால் 1934, 35 ஆண்டுகளுக்கு இதே படத்தை வரைய முடிந்தால் கதை வேறு. அப்போது பரவிய மலேரியாக் கொள்ளையில் அந்தத் தீவில் சுமார் 80,000 பேர் இறந்தார்கள். படத்திலிருந்து ஒரு நாடு மறைந்துபோவதும் சில நேரம் நல்ல செய்தி.

கரிம உமிழ்வு இன்னொன்று. அதற்கு ஒரு படம் போதாது, மூன்று வேண்டும். மக்கள்தொகைப் படத்தில் இந்தியாவுக்கு உலகத்தில் ஏறத்தாழ 18 விழுக்காடு இடம். ஓராண்டு கரியமில வாயு உமிழ்வுப் படத்தில் சுமார் 8. தொழிற்புரட்சிக் காலம் தொட்டு மொத்தமாகச் சேர்ந்த உமிழ்வை வரைந்தால் 3, 4 விழுக்காட்டுக்குள் சுருங்கிவிடும். அமெரிக்கா கால்வாசி இடத்தைப் பிடித்துக்கொள்ளும். பருவநிலை மாநாடுகளில் யார் எந்தப் படத்தை எடுத்து நீட்டுகிறார்கள் என்பதைக் கவனித்தாலே அரசியல் புரியும்.

தேர்தல் முடிவுகளுக்கு ஏன் இதை அதிகம் பயன்படுத்துகிறார்கள்?

நிலம் ஓட்டுப் போடுவதில்லை என்பதால். 2016 அமெரிக்க அதிபர் தேர்தலில் சுமார் 3,100 கவுண்டிகளில் (நம்மூர் மாவட்டம் மாதிரி) ஏறத்தாழ 2,600 டிரம்ப் பக்கம் போயின. கவுண்டி வாரியாக வண்ணம் தீட்டினால் நாடே சிவப்பு, அதாவது டிரம்ப் கட்சியின் நிறம். ஆனால் மொத்த வாக்குகளில் எதிர்த்து நின்ற ஹிலாரி கிளிண்டன் சுமார் 29 லட்சம் அதிகம் பெற்றிருந்தார். மான்டானா மாநிலம் 3.8 லட்சம் சதுர கிலோமீட்டர், மக்கள் 10.8 லட்சம், நியூயார்க் நகரம் வெறும் 780 சதுர கிலோமீட்டர், மக்கள் 88 லட்சம். 2019இல் பெல்ஜியத்தைச் சேர்ந்த கரீம் டுவிப், சிவப்புக் கவுண்டிகள் எல்லாம் மக்கள்தொகைக்கேற்ற வட்டங்களாகச் சுருங்கும் அசைபடம் ஒன்றை வெளியிட்டார். அது உலகம் முழுக்கப் பரவியது.

அங்கேயும் எந்த எண்ணை வைத்து வரைவது என்ற கேள்வி உண்டு. மக்கள்தொகையை வைத்தா, தேர்வாளர் வாக்குகளை (அதிபரைத் தீர்மானிக்க மாநிலத்துக்கு இத்தனை என்று ஒதுக்கப்பட்ட வாக்குகள்) வைத்தா? 2020 கணக்கெடுப்பின்படி வயோமிங்கில் சுமார் 1.9 லட்சம் பேருக்கு ஒரு தேர்வாளர் வாக்கு, கலிஃபோர்னியாவில் சுமார் 7.3 லட்சம் பேருக்கு ஒன்று. இரண்டு படங்களும் இரண்டு விதமாக இருக்கும். இரண்டுமே உண்மை.

இந்தியத் தேர்தலுக்கும் இது பொருந்துமா?

அமெரிக்காவைவிட நன்றாகவே பொருந்தும். லடாக் தொகுதி பரப்பில் நாட்டிலேயே மிகப் பெரியது. வாக்காளர்கள் இரண்டு லட்சத்துக்கும் குறைவு. டெல்லியின் சாந்தினி சவுக்கில் 15 லட்சத்துக்கு மேல் வாக்காளர்கள், படத்தில் ஒரு புள்ளியாகக்கூடத் தெரியாது. தேர்தல் இரவன்று தொலைக்காட்சியில் வண்ணம் தீட்டிய நிலப்படத்தைப் பார்ப்பவருக்கு 25 இடங்கள் உள்ள ராஜஸ்தான் பிரம்மாண்டமாகவும் 20 இடங்கள் உள்ள கேரளம் ஒரு கீற்றாகவும்தான் தெரியும். பரப்பில் ராஜஸ்தான் கேரளத்தைப் போல ஒன்பது மடங்கு. அதனால்தான் சில ஊடகங்கள் இப்போது தொகுதிக்கு ஓர் அறுகோணம் என்று 543 அறுகோணங்களை அடுக்கிக் காட்டுகின்றன.

இதில் தமிழ்நாட்டு வாசகருக்கு நேரடியாகத் தொடர்புள்ள விஷயம் ஒன்று இருக்கிறது. அந்த 543 இடங்கள் மாநிலங்களுக்குப் பகிரப்பட்டது 1971 கணக்கெடுப்பின்படி. 1976இல் வந்த 42ஆவது அரசியல் சட்டத் திருத்தமும் 2001இல் வந்த 84ஆவது திருத்தமும் அதை 2026க்குப் பிந்தைய முதல் கணக்கெடுப்பு வரை மாற்றாமல் நிறுத்தி வைத்தன. எனவே இடங்களை வைத்து வரையும் இந்தியாவும் மக்கள்தொகையை வைத்து வரையும் இந்தியாவும் வேறு வேறு. தமிழ்நாடு 39 இடங்களோடு 7.2 விழுக்காட்டைப் பிடிக்கும். 2011 மக்கள்தொகைப்படி அதன் பங்கு 6 விழுக்காடுதான். உத்தரப்பிரதேசம் 80 இடங்களோடு 14.7, மக்கள்தொகையில் 16.5. பீகார் 7.4, மக்கள்தொகையில் 8.6. தொகுதி மறுவரையறை பற்றிய சண்டை முழுவதும் இந்த இரண்டு படங்களுக்கும் இடையில் இருக்கும் வித்தியாசத்தைப் பற்றியதுதான். குடும்பக் கட்டுப்பாட்டை ஒழுங்காகச் செயல்படுத்திய மாநிலம் அதற்காக மெலிய வேண்டுமா என்பது தெற்கின் கேள்வி. உத்தரப்பிரதேசத்து வாக்காளரின் ஒரு வாக்குக்கு மதிப்பு குறைவா என்பது வடக்கின் கேள்வி. இரண்டு படங்களையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துக்கொண்டு பேசினால் கத்தலாவது கொஞ்சம் குறையும் என்று நினைக்கிறேன்.

இலங்கை மாதிரி சிறிய நாட்டுக்குள் வரைந்தால் ஏதாவது தெரியுமா?

நன்றாகத் தெரியும். 2012 கணக்கெடுப்பில் கொழும்பு மாவட்டம் 699 சதுர கிலோமீட்டரில் சுமார் 23 லட்சம் பேர். முல்லைத்தீவு 2,617 சதுர கிலோமீட்டரில் சுமார் 92 ஆயிரம் பேர். நிலத்தில் கொழும்பைப் போல கிட்டத்தட்ட நான்கு மடங்கான முல்லைத்தீவு, மக்கள் படத்தில் அதன் இருபத்தைந்தில் ஒரு பங்காகிவிடும்.

ஆனால் அந்த மெலிவு இயற்கையாக வந்தது என்று படத்தைப் பார்ப்பவர் நினைத்தால் ஆபத்து. அது போர் முடிந்து மூன்றே ஆண்டுகளில் எடுத்த கணக்கெடுப்பு. எண்ணைக் காட்டும் படம் அந்த எண் எப்படி வந்தது என்று சொல்லாது. அதைப் படத்துக்குக் கீழே நாம்தான் எழுத வேண்டும்.

ஒரு நாட்டை மொத்தமாக ஊதினால் உள்ளே இருக்கும் வேறுபாடு மறைந்துவிடுகிறதே?

மறையும். இந்தியா ஏழு மடங்கு வீங்கும்போது தார்ப் பாலைவனமும் மும்பையும் சேர்ந்தே ஏழு மடங்கு வீங்குகின்றன. இதற்குத் தீர்வாகத்தான் புவியியலாளர் பெஞ்சமின் ஹென்னிக் கட்ட முறையைக் கொண்டுவந்தார். உலகத்தைச் சிறு சிறு கட்டங்களாகப் பிரித்து, ஒவ்வொரு கட்டத்தையும் அதில் வாழும் மக்களுக்கேற்ப விரிப்பது. நாட்டு எல்லை இங்கே முக்கியமில்லை. எகிப்தைப் பார்த்தால் நைல் நதிக்கரை மட்டும் பெருத்து, பாலைவனக் கட்டங்கள் நசுங்கிய கோடுகளாக ஓடும். இந்தோனேசியாவில் ஜாவா மற்றத் தீவுகளை எல்லாம் ஓரங்கட்டிவிடும். அந்த ஒரு தீவில் ரஷ்யாவைவிட அதிகம் பேர். மழை, பூகம்ப ஆபத்து, காற்று மாசு போன்றவற்றை இதன் மேல் தீட்டினால் அந்தப் பாதிப்பு எத்தனை பேர் தலையில் விழுகிறது என்பது உடனே தெரியும்.

வட்டங்களாகவும் சதுரங்களாகவும் வரைகிறார்களே, அவையும் கார்ட்டோகிராம்தானா?

ஆமாம். எல்லை ஒட்டியபடி வளையும் வகை ஒன்று. ஒவ்வொரு நாட்டின் வடிவத்தையும் கெடுக்காமல் அளவை மட்டும் மாற்றித் தனித்தனியாக மிதக்க விடுவது இன்னொன்று. டேனி டோர்லிங் வட்டங்களாக்கினார். அறுகோணங்கள், சதுரங்கள் செய்தித்தாள்களுக்குப் பிடித்தவை. அளவு சரியாக இருக்க வேண்டும், வடிவம் அப்படியே இருக்க வேண்டும், அண்டை நாடு ஒட்டியே இருக்க வேண்டும் என்று மூன்றையும் ஒரே படத்தில் கேட்டால் கிடைக்காது. எதை விடுவது என்பதுதான் தேர்வு. படிப்பதற்கு எளிது வட்டமும் அறுகோணமும். பார்த்ததும் உறைப்பது வளைந்த படம்.

தரவே இல்லாத நாடுகளை என்ன செய்வார்கள்?

வேர்ல்டுமேப்பர் பல படங்களில் அந்தப் பகுதியின் சராசரியை வைத்து மதிப்பிட்டிருந்தது. சுழி போட்டால் நாடு மறைந்துவிடும். நோயே இல்லை என்று அர்த்தமாகிவிடும். எதிர்மறை எண்ணுக்கும் இடமில்லை, பரப்பு மைனஸில் போகாது. அதனால் நிகர ஏற்றுமதி, நிகர இறக்குமதி என இரண்டு படங்களாகப் பிரிப்பார்கள்.

இந்தப் படங்களை வைத்து ஏமாற்ற முடியுமா?

தாராளமாக. மூன்று வழிகளை அடிக்கடி பார்க்கிறேன்.

முதலாவது, பெரிய நாடு என்பதாலேயே பெரிதாகத் தெரிவதைக் குற்றமாகக் காட்டுவது. உணவுப் பற்றாக்குறை உள்ளவர்களின் எண்ணிக்கை, திருமணங்கள், சைக்கிள் விபத்துகள் என எதை வரைந்தாலும் இந்தியாவும் சீனாவும் பெரிதாகவே வரும். பக்கத்தில் மக்கள்தொகைப் படம் இல்லாமல் அந்தப் படத்துக்கு அர்த்தம் கிடையாது. மக்கள் படத்தைவிடப் பெருத்திருக்கிறதா, மெலிந்திருக்கிறதா என்பதுதான் செய்தி.

இரண்டாவது நுட்பமானது. கார்ட்டோகிராமின் மொத்தப் பரப்பு மாறுவதில்லை. 2000இல் மலேரியாவால் இறந்தவர்கள் சுமார் 8.6 லட்சம்; அண்மை ஆண்டுகளில் சுமார் 6 லட்சம். இரண்டு ஆண்டுகளுக்கும் படம் வரைந்தால் இரண்டிலும் உலகம் அதே அளவில்தான் இருக்கும். இறப்பு குறைந்தது எங்குமே தெரியாது. எனவே காலத்தால் மாறும் தரவுக்கு இது சரியான கருவி அல்ல. போட்டே தீர வேண்டுமென்றால் மொத்த எண்ணைப் பெரிய எழுத்தில் மேலே அச்சிடுங்கள்.

மூன்றாவது, அளவுகோல் எதுவும் தராமல் அதிர்ச்சிக்காக மட்டும் படத்தை வெளியிடுவது. துல்லியமான எண் தெரிய வேண்டியவருக்கு ஒரு சாதாரணப் பட்டை வரைபடமே மேல். கார்ட்டோகிராம் திகைக்க வைக்கும், நினைவில் நிற்கும், கேள்வி கேட்க வைக்கும். 7 விழுக்காட்டுக்கும் 8 விழுக்காட்டுக்கும் உள்ள வித்தியாசத்தை அதில் தேடக் கூடாது.

நானே வரைய என்ன தேவை?

காசு தேவையில்லை. கியூஜிஐஎஸ் (QGIS) வரைபடம் வரைய உதவும் இலவச மென்பொருள். அதில் கார்ட்டோகிராம் செருகுநிரல் உண்டு. ஆர் (R) என்ற கணினி நிரல்மொழி தெரிந்தவர்களுக்கு கார்ட்டோகிராம் என்ற பெயரிலேயே ஒரு தொகுப்பு இருக்கிறது. எதையும் நிறுவ விருப்பமில்லை என்றால் காஸ்ட்னர் குழுவின் கோகார்ட் இணையதளத்தில் நாட்டைத் தேர்ந்து எண்களைக் கொடுத்தாலே படம் வந்துவிடும்.

வரைவதைவிடத் தரவைச் சரிசெய்வதில்தான் நேரம் போகும். தமிழ்நாட்டு மாவட்டங்களை எடுத்துக்கொள்ளுங்கள். 2011 கணக்கெடுப்பில் 32 மாவட்டங்கள், இப்போது 38. தென்காசி, கள்ளக்குறிச்சி, மயிலாடுதுறை எல்லாம் பிறகு வந்தவை. புதிய எல்லைக் கோப்பில் (மாவட்ட எல்லைகள் அடங்கிய கணினிக் கோப்பு) பழைய எண்ணை ஒட்டினால் திருநெல்வேலி தென்காசியின் மக்களையும் சேர்த்துச் சுமக்கும். எல்லைக் கோப்பும் எண்ணும் ஒரே ஆண்டைச் சேர்ந்தவையா என்று முதலில் பாருங்கள். இந்தியாவின் அடுத்த கணக்கெடுப்புக்கான குறிப்பு நாள் 2027 மார்ச் 1 என்று அறிவிக்கப்பட்டிருக்கிறது. அது வரும்வரை 2011தான் முழுமையான கணக்கு.

அப்புறம், கோப்பைச் சம பரப்பு புரொஜெக்ஷனுக்கு, அதாவது உருண்டையைத் தட்டையாக விரித்தாலும் பரப்பைக் கெடுக்காத முறைக்கு, மாற்றிவிட்டுத்தான் கணக்கை ஓட்ட வேண்டும். அட்சரேகை, தீர்க்கரேகைப் பாகைகளிலேயே விட்டால் மென்பொருள் பரப்பைத் தப்பாகக் கணக்கிடும். இன்னொரு விஷயம்: வெளிநாட்டு இலவசக் கோப்புகளில் காஷ்மீர் எல்லை இந்திய அரசின் படத்தோடு ஒத்துப்போகாது. சர்வே ஆஃப் இந்தியாவின் எல்லைக்கு மாறான இந்தியப் படத்தை வெளியிடுவது 1961 சட்டத்தின்படி குற்றம். வீங்கிய படம்தானே என்று விட்டுவிட வேண்டாம். அச்சில் போடுபவர்கள் கவனிக்கவும்.

கணினி இல்லாத வகுப்பறையில் செய்ய முடியுமா?

கட்டம் போட்ட தாள் போதும். ரைஸ் 1934இல் செய்ததும் ஏறக்குறைய இதுதான். ஒரு கோடிப் பேருக்கு ஒரு கட்டம் என்று வைத்து, 2011 கணக்கை எடுத்துக்கொள்ளுங்கள். உத்தரப்பிரதேசத்துக்கு 20 கட்டம், மகாராஷ்டிரத்துக்கு 11, பீகாருக்கு 10, மேற்கு வங்கத்துக்கு 9, தெலங்கானா பிரியாத ஆந்திரத்துக்கு 8, தமிழ்நாட்டுக்கு 7, ராஜஸ்தானுக்கும் 7, கேரளத்துக்கு 3. தாளில் எது எதற்குப் பக்கத்தில் வர வேண்டும் என்பதை மட்டும் சொல்லிவிட்டு, மாநிலத்தின் வடிவத்தைப் பிள்ளைகளே தீர்மானிக்கட்டும். ராஜஸ்தானும் தமிழ்நாடும் ஒரே அளவில் வந்து நிற்கும்போது கேள்விகள் தானாக வரும். ஆறு லட்சம் பேர் உள்ள சிக்கிமுக்கு ஒரு கட்டம்கூடக் கிடைக்காது. வடகிழக்கின் சின்ன மாநிலங்களைச் சேர்த்து ஒரே தொகுப்பாக வரைவதா, கட்டத்தின் மதிப்பைக் குறைத்து இன்னும் பெரிய தாளுக்குப் போவதா என்பதை வகுப்பே முடிவு செய்யலாம். ஒரு பாடவேளை அதற்கே போய்விடும்.